பச்சையாக இருப்பதெல்லாம் கண்கொத்திப் பாம்பு இல்லை, கயல்

அன்புள்ள கயல்,

நீ அனுப்பிய இரண்டு படங்களையும் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தேன். இரண்டுக்கும் கீழே “பச்சைப்பாம்புதான், ஒன்றும் செய்யாது” என்று ஒரே வரியை எழுதியிருக்கிறாய். இரண்டாவது படத்துக்கு அந்த வரி சரி. முதல் படத்தில் இருப்பது குழிவிரியன். ஓடைக்கரைச் செடியில் அது சுருண்டு கிடக்கிற கிளைக்கும் உன்னோடு வந்த பெண்ணின் கைக்கும் இடையில் ஒரு முழம்கூட இல்லை. போனில் சொன்னால் நீ “சரிம்மா” என்று வைத்துவிடுவாய் என்பதால்தான் எழுதுகிறேன்.

சமவெளியில் வளர்ந்தவர்களுக்கு இது இயல்பாக வருகிற நம்பிக்கை. வேலியிலோ கொடியிலோ மெலிதாகப் பச்சையாக ஒன்று தொங்கினால் அது பெரும்பாலும் கண்கொத்திப் பாம்பாகத்தான் இருக்கும். நம் நாட்டில் அதிகம் பேரைக் கொல்கிற நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் என்ற நான்கில் ஒன்றுகூடப் பச்சை இல்லை. ஆகவே பச்சை என்றால் பயமில்லை என்று மனதில் பதிந்துவிடுகிறது. மலையேறியதும் அந்தக் கணக்கு செல்லாது. மேற்குத் தொடர்ச்சி மலையில் பச்சை உடம்போடு மூங்கில் குழிவிரியன், மலபார் குழிவிரியன், பெருஞ்செதில் குழிவிரியன் மூன்றும் இருக்கின்றன. உன் செடி கணக்கெடுப்பு வேலை முழுக்க அவை இருக்கிற இடத்தில்தான் நடக்கிறது.

முதலில் உடம்பைப் பார். கண்கொத்தி சாட்டை போல நீண்டு மெலிந்தது. தலை எங்கே முடிகிறது, கழுத்து எங்கே தொடங்குகிறது என்று பார்த்தால் எல்லாமே ஒரே ஓட்டமாகக் குறுகி, முகம் கூர்ந்து முன்னே நீண்டிருக்கும். குழிவிரியன் நீளத்தில் சிறியதுதான், ஆனால் நடு உடம்பு தடித்தது. அகன்ற தலை, அதன் பின்னால் சட்டென்று ஒடுங்கும் கழுத்து, கிளையைப் பிடித்துக்கொள்ளும் குட்டையான வால். உன் முதல் படத்தில் வால் கிளையைச் சுற்றிப் பிடித்திருப்பது நன்றாகத் தெரிகிறது.

அப்புறம் முகம். உன் படத்தைத் திரும்பவும் பெரிதாக்கிப் பார். கண்ணுக்கும் மூக்குத் துளைக்கும் நடுவில், சற்றுக் கீழே இறங்கி, இன்னொரு துளை இருக்கிறது. மூக்குத் துளையைவிடப் பெரியது. அதுதான் குழி. அதனுள்ளே ஒரு மெல்லிய சவ்வு உண்டு. எலியின் உடம்புச் சூடு இருட்டில் எந்தப் பக்கத்திலிருந்து வருகிறது என்பதை அது அந்தச் சவ்வால் உணர்ந்துகொள்கிறது. நம் காடுகளில் கண்ணுக்கும் மூக்குக்கும் இடையே இந்தக் குழி உள்ள பாம்பு எதுவானாலும் நஞ்சுள்ளது. கண்மணியும் குழிவிரியனுக்குச் செங்குத்தான கீற்றாக இருக்கும். கண்கொத்திக்கோ படுக்கைவாட்டில், சாவித்துவாரம் போல நீண்டிருக்கும். அதன் மூக்கின் இருபுறமும் கண்ணிலிருந்து நுனிவரை ஒரு பள்ளம் ஓடுகிறது. அந்தப் பள்ளத்தின் வழியாக இரண்டு கண்ணாலும் நேர்முன்னே பார்த்து, பல்லி எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்று கணித்துவிடும். வகுப்பில் இதைக் கரும்பலகையில் வரைந்து காட்டும்போதெல்லாம் எனக்கே அந்தப் பாம்பின் மேல் ஒரு பிரியம் வந்துவிடும்.

ஆனால் இதையெல்லாம் பார்க்க நீ முகத்தைக் கிட்டே கொண்டுபோகக் கூடாது. கேமராவில் ஜூம் இருக்கிறது, அதை வைத்துப் பார். அது முடியாத தூரத்தில், அல்லது மங்கிய வெளிச்சத்தில், நடத்தையைக் கவனி. கண்கொத்தி பகலில் நடமாடுவது. காற்றில் கொடி ஆடுவது போலத் தானும் முன்னும் பின்னும் மெல்ல ஆடும். சில நேரம் நாக்கை வெளியே நீட்டி அப்படியே விறைப்பாக வைத்திருக்கும். நீ நெருங்கினால் நழுவிப் போய்விடவே பார்க்கும். வழியில்லாமல் போனால் உடம்பை உப்பி, செதில்களுக்கு நடுவே உள்ள கறுப்பு வெள்ளைத் தோலைக் காட்டி, வாயைப் பிளந்து மிரட்டும். குழிவிரியன் அப்படி இல்லை. இரவில் வேட்டையாடுவது, பகலெல்லாம் ஒரே கிளையில் அசையாமல் கிடக்கும். நீ வந்தாலும் நகராது, தன் நிறத்தை நம்பி அங்கேயே இருக்கும். தேயிலை, காப்பித் தோட்டங்களில் பறிக்கிற கைகளிலும் முழங்கைகளிலும் கடி விழுவதற்கு இதுதான் காரணம். அது தேடி வந்து கடிப்பதில்லை. நாம் பார்க்காமல் கையை நீட்டிவிடுகிறோம்.

நிறத்தைப் பற்றி இன்னொன்று. மலபார் குழிவிரியன் ஒரே இனத்திலேயே பச்சை, பழுப்பு, மஞ்சள் என்று பல நிறங்களில் வரும். ஒரே ஓடைக்கரையில் பச்சையாக ஒன்றும் காய்ந்த இலை நிறத்தில் ஒன்றும் இருக்கலாம். இரண்டும் ஒன்றுதான். நிறம் பாம்பு செத்தபிறகும் ஏமாற்றும். பச்சைப் பாம்புகள் சில இறந்தபின் மஞ்சள் நிறமி சிதைந்து நீலமாகிவிடுகின்றன. வட அமெரிக்காவில் உள்ள நஞ்சில்லாத பச்சைப் பாம்பு ஒன்றில் இதைத் தெளிவாகக் காணலாம்.

நீ கட்டாயம் கேட்பாய், “முக்கோணத் தலைன்னா விஷம், உருண்டைத் தலைன்னா விஷமில்லைன்னு எங்க சார் சொன்னாரே” என்று. அந்த விதியைத் தயவுசெய்து மறந்துவிடு. நல்ல பாம்புக்கும் கட்டுவிரியனுக்கும் முக்கோணத் தலை கிடையாது. நஞ்சே இல்லாத எத்தனையோ பாம்புகள் பயந்தால் தாடையை விரித்துத் தலையை முக்கோணமாக்கிக் காட்டும். தலைமேல் சின்னச் சின்னச் செதிலாக இருந்தால் விரியன் என்பதும் அரைகுறை விதிதான். பெருஞ்செதில் குழிவிரியனின் தலையில் பெரிய செதில்களே இருக்கின்றன, அதன் பெயரே அதனால் வந்தது. ஆனைமலை, பழனிமலை உயரங்களில் சோலைக்காட்டிலும் தேயிலைத் தோட்டத்திலும் இருப்பது அது. செங்குத்துக் கண்மணி நஞ்சுக்கு அடையாளம் என்பதும் அப்படியே. நியூகினியில் உள்ள பச்சை மலைப்பாம்புக்குச் செங்குத்துக் கண்மணி, அகன்ற தலை, உதட்டோரக் குழிகள் எல்லாம் உண்டு, நஞ்சு மட்டும் கிடையாது.

தரையில் பச்சையைப் பார்த்தால் குழம்பாதே. புல்வெளியில் தடித்த, மினுமினுப்பு இல்லாத, சொரசொரப்பான செதிலோடு ஒரு பச்சைப்பாம்பு உண்டு. கிரீன் கீல்பேக் என்பார்கள். தேரைகளைத் தின்று வாழ்வது. குட்டியாக இருக்கும்போது கழுத்தில் மஞ்சளும், கவிழ்த்த V வடிவில் கறுப்புப் பட்டையும் இருக்கும். கண்மணி உருண்டை. மிரண்டால் கழுத்தைத் தட்டையாக்கும். உடனே நாகம் என்று அடித்துவிடுகிறார்கள், இல்லாவிட்டால் விரியன் என்று அடித்துவிடுகிறார்கள். இரண்டும் இல்லை. கடிக்க வருகிற பாம்பும் இல்லை. ஆனாலும் இதைக் கையில் எடுத்து விளையாட வேண்டாம். இதே பேரினத்தைச் சேர்ந்த கிழக்காசியப் பாம்புகளை வெகுகாலம் தீங்கற்றவை என்றே எண்ணியிருந்தார்கள். பிறகு அவை ஆழமாகக் கடித்ததில் இரத்தம் உறையாமல் போய் உயிரிழந்தவர்களும் உண்டு. ஆகவே நான் இந்தப் பாம்பை “தீங்கற்றது” என்ற பட்டியலில் போட மாட்டேன், “தொந்தரவு செய்யாமல் விடு” என்ற பட்டியலில் போடுவேன். காட்டில் கறுப்புக் குறுக்குக்கோடுகளோடு பச்சை மஞ்சளாக மரத்திலிருந்து மரத்துக்குச் சறுக்கிப் போகிற பறக்கும் பாம்பைக் கண்டால் நின்று ரசி. அதன் நஞ்சு மனிதருக்கு ஆபத்தானதில்லை.

கண்கொத்திக்கும் பின்பல்லில் மெல்லிய நஞ்சு உண்டு. அது பல்லிக்கும் தவளைக்கும் போதும். நமக்கு வீக்கமும் கொஞ்சம் வலியும் வரலாம், அவ்வளவே. கண்ணைக் குறிவைத்துக் கொத்தும் என்று சொல்லிச் சொல்லியே அதைக் கொன்றுவருகிறார்கள். முகத்தின் உயரத்தில் கிளையில் இருக்கிற பாம்பு, பயந்து சீறினால் முகத்தின் பக்கம் வரும், அதில் குறி ஏதும் இல்லை. உன் முகாமில் யாராவது அதை அடிக்கக் கம்பெடுத்தால் நீ தடுக்க வேண்டும். அந்தப் பாம்பைப் பற்றி நமக்கே இப்போதுதான் தெரியத் தொடங்கியிருக்கிறது. 2020இல் வந்த ஓர் ஆய்வு, ஒரே இனம் என்று நாம் நினைத்திருந்ததைப் பலவாகப் பிரித்தது. இலங்கையில் இருப்பது ஒன்று, தீபகற்பச் சமவெளியில் இருப்பது வேறு, மேற்குத் தொடர்ச்சி மலையில் இருக்கிற சின்ன உடம்புக்காரர்கள் வேறு சில. அதற்கு முந்தைய ஆண்டு அகத்தியமலையில் கிடைத்த ஒரு கொடிப்பாம்பு தனிப் பேரினமாகவே விவரிக்கப்பட்டது. நீ நடக்கிற காடு அப்படிப்பட்டது.

அடுத்த ஆண்டு ஆப்பிரிக்கா போகும் வாய்ப்பு வரலாம் என்று எழுதியிருந்தாய். அதனால் இதையும் சொல்லிவிடுகிறேன். இங்கே கற்றதை அங்கே கொண்டுபோகாதே. அங்கே ட்விக் ஸ்நேக் என்று ஒரு குச்சிப்பாம்பு உண்டு. கூர்ந்த முகம், படுக்கைவாட்டுக் கண்மணி, மெல்லிய உடம்பு, சிலவற்றில் தலைமேல் பச்சை என்று நம் கண்கொத்தியின் உறவு போலவே இருக்கும். அதுவும் பின்பல் பாம்புதான். ஆனால் அதன் கடியால் 1975இல் ராபர்ட் மெர்டென்ஸ் என்ற ஜெர்மானியப் பாம்பியல் அறிஞரே இறந்தார். அதற்கு மாற்றுமருந்து இல்லை. பூம்ஸ்லாங் என்பது அங்குள்ள இன்னொரு மரப்பாம்பு. பெரிய கண், உருண்டைக் கண்மணி, ஆண்கள் பெரும்பாலும் பளிச்சென்ற பச்சை. 1957இல் சிகாகோ அருங்காட்சியகத்தில் கார்ல் ஷ்மிட் என்பவரை, அடையாளம் காணச் சொல்லி அனுப்பப்பட்ட ஒரு சின்ன பூம்ஸ்லாங் கட்டைவிரலில் கடித்தது. ஆபத்தாக முடியும் என்று அவர் நினைக்கவில்லை. தன் உடம்பில் நடப்பதைக் குறித்துவைத்துக்கொண்டே இருந்து, மறுநாள் இறந்துபோனார். வாழ்நாள் முழுக்கப் பாம்போடு இருந்தவர்கள் இவர்கள். பச்சை மாம்பா வேறு இருக்கிறது, அதைப் போலவே தோன்றும் தீங்கற்ற பச்சைப் புதர்ப்பாம்புகளும் இருக்கின்றன. எந்த ஊரில் இறங்கினாலும் முதல் வேலையாக அந்த இடத்துப் பாம்புகளின் படங்களை வாங்கி, பெயர் பெயராகப் பழகிக்கொள். பெயர் சொல்லத் தெரியாத பாம்பு நஞ்சுள்ளது என்றே வைத்துக்கொள்.

இனி கடியைப் பற்றி. பச்சைக் குழிவிரியன் கடித்து உயிர் போவது அரிது. ஆனால் வலியும் வீக்கமும் கடுமையாக இருக்கும், சிலருக்குச் சதை கெட்டுப்போகும், இரத்தம் உறையும் தன்மை பாதிக்கப்படும். நம் நாட்டில் கிடைக்கும் பொதுவான மாற்றுமருந்து மேலே சொன்ன நான்கு பாம்புகளின் நஞ்சுக்காகச் செய்தது. குழிவிரியன் நஞ்சுக்கு அதை நம்பிக்கொண்டிருக்க முடியாது. தாய்லாந்தில் அவர்களுடைய பச்சைக் குழிவிரியனுக்கென்றே மருந்து செய்கிறார்கள், நம்மிடம் அப்படி ஒன்று இல்லை. ஆகவே மருத்துவர் என்ன பாம்பு என்று கேட்டால் உன் பதிலுக்கு மதிப்பு உண்டு. கடித்தது எதுவானாலும் மோதிரம், வளையல், வாட்ச் எல்லாவற்றையும் உடனே கழற்றிவிடு. கையை அசைக்காமல் மட்டை வைத்துத் தாங்கிக்கொள். கயிறு கட்டாதே, கீறாதே, உறிஞ்சாதே, பாம்பைப் பிடித்துக்கொண்டு போகாதே. தூரத்திலிருந்து படம் எடுக்க முடிந்தால் போதும். மருத்துவமனையில் இரத்தத்தைக் கண்ணாடிக் குழாயில் எடுத்து 20 நிமிடம் அசைக்காமல் வைத்து உறைகிறதா என்று பார்ப்பார்கள். உறைந்தது என்று தெரிந்தாலும் அன்றே எழுந்து வந்துவிடாதே, பிறகும் மாறலாம்.

செடியில் கை வைக்கும் முன் நீளக் குச்சியால் தட்டிப் பார். குழிவிரியன் தட்டினாலும் நகராது என்பதால் தட்டுவதோடு நில்லாமல், கிளையின் மேலும் அடியிலும் கண்ணால் தேடு. இருட்டியபின் ஓடைக்கரையில் டார்ச் இல்லாமல் நடக்காதே, கிளையைப் பிடித்து இறங்காதே. உன்னோடு வந்த அந்தப் பெண்ணுக்கும் முதல் படத்தைக் காட்டி, குழி எங்கே என்று சொல்லிக்கொடு. முகாமுக்குப் பக்கத்தில் எந்த மருத்துவமனையில் பாம்புக்கடிக்குப் பார்க்கிறார்கள், இரவில் வண்டி கிடைக்குமா என்று இந்த வாரமே விசாரித்து எனக்கு எழுது. முதல் படத்துப் பாம்பின் தலையை மேலிருந்து எடுத்த படம் உன்னிடம் இருந்தால் அனுப்பு. செதில் பெரிதா சிறிதா என்று பார்த்து, மூன்றில் எது என்று சொல்கிறேன். இல்லையென்றால் அதற்காகத் திரும்பப் போகவேண்டாம்.

அன்புடன்,
அம்மா