முல்லையைக் கவாத்து செய்யத் தயங்காதே

அன்புத் தோழிக்கு,

உன் கடிதம் கிடைத்தது. முழங்கால் வலி குறைந்து மறுபடி மாடிப்படி ஏறுகிறாய் என்று படித்ததும் மனசு நிம்மதியானது. பேரனுக்குப் பல் முளைத்த சேதியை அவருக்கும் வாசித்துக் காட்டினேன். இங்கே எல்லாரும் நலம். அவர் ஓய்வு பெற்றுவிட்டார். பகலெல்லாம் பேச்சுத்துணைக்கு ஆள் இருப்பது எனக்கு ரொம்பப் பிடித்திருக்கிறது.

சரி, உன் முல்லைக்கு வருகிறேன். பந்தல் முழுக்க இலை, பூவைக் காணோம், ஆனாலும் வெட்டக் கை வரவில்லை என்று எழுதியிருந்தாய். உயிருள்ள கொடியில் கத்தரி வைக்க நீ தயங்குவது எனக்குப் புரிகிறது. ஆனால் முல்லை பூப்பது புதுத் தளிரில்தான். நீ பத்திரமாகக் காத்து வரும் பழைய தண்டுகள் பூத்து ஓய்ந்தவை. அவை இடத்தையும் வெயிலையும் பிடித்துக்கொண்டிருக்கின்றன, உள்ளே துளிர்ப்பதற்கு வெளிச்சமே இல்லை.

கொடியின் நுனிக் கொழுந்தில் ஆக்சின் என்ற வளர்ச்சி ஊக்கி உண்டாகித் தண்டு வழியாகக் கீழே இறங்குகிறது. அது இறங்கிக்கொண்டிருக்கும்வரை கீழ்க்கணுக்களில் உள்ள துளிர் மொக்குகள் உறங்கியே கிடக்கும். நுனியைக் கிள்ளிவிட்டால் அந்தத் தடை போய்விடும். ஒரு தண்டு இரண்டாக, மூன்றாகக் கிளைக்கும். கிளை கூடினால் பூவும் கூடும். நேராக மேலே ஓடும் கொடியைப் பக்கவாட்டில் வளைத்துக் கட்டினாலும் ஏறக்குறைய இதுவே நடக்கும், படுத்த தண்டின் கணுக்கள் வரிசையாகத் துளிர்க்கும். அதனால் உனக்கு மனம் துணியும்வரை முதலில் வளைத்துக் கட்டிப் பார்.

பூக்காலம் முடிந்து கொடி ஓய்ந்திருக்கும்போதுதான் பெரிய கவாத்து. மல்லி, முல்லை பயிரிடுகிறவர்கள் தரையிலிருந்து ஒன்றரை அடி மட்டும் விட்டு மொத்தச் செடியையும் வெட்டிவிடுகிறார்கள். உன்னுடையது பந்தல் கொடி, அவ்வளவு வேண்டாம். முதலில் காய்ந்ததையும் நோய் கண்டதையும் எடு. ஒன்றோடொன்று உரசும் தண்டுகளில் ஒன்றை எடு. பந்தலைத் தாங்கும் முக்கியத் தண்டுகளை விட்டுவிட்டுப் பக்கக் கிளைகளை இரண்டு மூன்று கணு அளவுக்குக் குறைத்துவிடு. கணுவுக்குச் சற்று மேலே வெட்ட வேண்டும். நீளமாகக் குச்சி விட்டால் அது காய்ந்து அழுகல் உள்ளே இறங்கும். கத்தரி கூர்மையாக இருக்கட்டும், ஒரு செடியிலிருந்து அடுத்ததற்குப் போகும் முன் ஸ்பிரிட்டால் துடைத்துக்கொள். வேலி கத்தரிக்கும் பெரிய கத்தரியை மட்டும் கொடிகளில் வைக்காதே. மேலே பார்க்க ஒழுங்காகத் தெரியும், உள்ளே ஒரே காய்ந்த சுள்ளியாகிவிடும். எனக்கு அது பிடிப்பதே இல்லை.

வெட்டிய பிறகு மக்கிய தொழுவுரம் போட்டுத் தண்ணீர் விடு. இலை மட்டும் கொழிப்பதற்குத் தழைச்சத்து அதிகமாவதும் ஒரு காரணம். யூரியா ஏதும் போட்டுக்கொண்டிருந்தால் நிறுத்திவிடு. நாளுக்கு ஐந்தாறு மணி நேரமாவது நேர் வெயில் விழுகிறதா என்றும் பார்.

ஆனால் இதையெல்லாம் எல்லாக் கொடிக்கும் அப்படியே செய்துவிடாதே. குளிர் நாட்டில் இருக்கும் என் மகள் வீட்டில் விஸ்டீரியா ஏறியிருக்கிறது. அதன் பூமொட்டுகள் முந்தைய கோடையிலேயே குட்டைக் கிளைகளில் உருவாகிவிடும். கண்ட நேரத்தில் வழித்து வெட்டினால் அந்த வருடப் பூ போச்சு. அதனால் கோடையில் நீண்ட தளிர்களை ஐந்தாறு இலை விட்டுக் குறைத்து, அதே தளிர்களைக் குளிர்காலக் கடைசியில் இரண்டு மூன்று மொக்கு அளவுக்கு நறுக்குகிறாள். எந்தக் கொடியானாலும் பூ புதுத் தளிரில் வருகிறதா, போன வருடத் தண்டில் வருகிறதா என்று ஒரு பருவம் கவனித்துவிட்டுத்தான் நான் கத்தரியைத் தொடுவேன்.

நீ வாசலில் வைக்க நினைக்கும் காகிதப்பூ முல்லையைப் போலவே புதுத் தளிரில் பூக்கும். ஒரு சுற்றுப் பூ உதிர்ந்ததும் நுனிகளைக் குறைத்துவிடு, தண்ணீரையும் கொஞ்சம் குறை. மண் காய்ந்து காய்ந்து நனைந்தால்தான் நன்றாகப் பூக்கும். அது தானாகச் சுற்றி ஏறாது, முள்ளால் தொற்றிக்கொண்டு சாயும் வகை, ஆகவே நீதான் கட்டிவிட வேண்டும். கையுறை போட்டுக்கொள். அந்த வண்ண இதழ்கள் உண்மையில் பூவடிச் செதில்கள், அதாவது பூவைச் சுற்றி நிறமேறிய இலைகள்தான், நடுவில் இருக்கும் சின்ன வெள்ளைக் குழல்தான் பூ. குனிந்து பார்த்திருக்கிறாயா?

எனக்கென்னவோ ரங்கூன் மல்லிமேல் தீராத ஆசை. மாலையில் வெள்ளையாக மலர்ந்து, அடுத்தடுத்த நாட்களில் ரோஸாகி, சிவப்பாகிறது. ஒரே கொத்தில் மூன்று நிறமும் இருக்கும். இருட்டில் அந்துப்பூச்சிகள் வரும், வெளிச்சத்தில் தேனீக்கள். ஆனால் இடம் கொடுத்தால் கூரையையே மூடிவிடும், வருடம் தவறாமல் கவாத்து செய்தே ஆக வேண்டும்.

கவாத்து முடிந்ததும் உன் முல்லையில் ஓரளவு முற்றிய தண்டாகப் பார்த்து, மூன்று நான்கு கணு உள்ள துண்டுகளை நறுக்கிக்கொள். கீழ் இலைகளைக் கிள்ளிவிட்டு மணல் கலந்த மண்ணில் நட்டு நிழலில் வை. வேர் பிடித்தவற்றில் ஒன்று எனக்கு. வரும்போது நானே எடுத்துக்கொள்கிறேன், எந்த மாதம் தோதுப்படும் என்று எழுது.

அன்புடன்,
உன் பழைய தோழி