விடுதலைக்கு ஆறு மாதம் முன்னால்

பாளையங்கோட்டை

அன்புள்ள சங்கரலிங்கம்,

உம்முடைய கடிதம் கிடைத்தது. மதினிக்கு மூட்டுவலி குறைந்திருக்கிறது என்று படித்ததும் மனசுக்கு நிம்மதியாக இருந்தது. இங்கே ஆற்றில் தண்ணீர் நிறைவாகப் போகிறது. பிசான நடவு பாதிக்கு மேல் முடிந்துவிட்டது.

சட்ட உதவித் தன்னார்வலராகக் கிளைச்சிறைக்குப் போக ஆரம்பித்திருக்கிறீர், ரொம்பச் சந்தோஷம் வே. வெளியே போகிற ஆள் கையில் என்ன இருக்க வேண்டும் என்று கேட்டிருந்தீர். பணக் கணக்கில் இருந்து தொடங்கும். ஆள் உள்ளே வந்த அன்றைக்கே அந்தக் கணக்கும் தொடங்கிவிடுகிறது. விடுதலைக்கு முந்தின வாரம் கூப்பிட்டுக் கேட்டால் அதில் எதையும் சரிசெய்ய முடியாது. குறைந்தது ஆறு மாதம் வேண்டும்.

உள்ளே வரும்போது எடுத்து வைத்த ரொக்கமும், பிறகு வீட்டார் கட்டுகிற பணமும் பி.பி.சி. என்கிற சிறைவாசியின் சொந்தப் பணக் கணக்கில் நிற்கும். தண்டனைக் கைதிக்கு வேலை செய்த கூலி தனியாக ஏறும். கேன்டீனில் சோப்பு, பிஸ்கட் வாங்கினால் கணக்கில் கழிப்பார்கள். கையில் ரொக்கம் புழங்கக் கூடாது. இதில் முதல் குழப்பம் பெயரில் வரும். நம் பக்கத்துச் சிறையில் ஒரே பிளாக்கில் நாலு சுடலைமுத்து, மூணு இசக்கிமுத்து இருப்பார்கள். பெயரை மட்டும் சொல்லிக் கட்டிய பணம் அடுத்தவர் கணக்கில் போய் உட்கார்ந்துவிடும். அதனால் சிறைவாசி எண்ணையும் தகப்பனார் பெயரையும் சேர்த்தே எழுதச் சொல்லும். ரிமாண்டில் இருந்தவர் தண்டனை ஆனதும் எண் மாறிவிடும், அதை வீட்டுக்குச் சொல்ல ஆள் இருக்காது. வேறு சிறைக்கு மாற்றினாலும் இதே தொல்லைதான்: ஆள் முன்னால் போவார், இருப்புத்தொகை பின்னால் வரும். மாற்றலாகி வந்தவரிடம் பழைய சிறையில் கடைசியாக இருந்த தொகையைக் கேட்டு, இங்கே வரவு வைத்த தொகையோடு ஒப்பிட்டுப் பாரும். வருஷம் கழித்துத் தேடினால் கஷ்டம்.

எழுதப் படிக்கத் தெரியாதவருக்கு மாதம் ஒரு தரம் இருப்பை வாசித்துக் காட்டும்படி நல அலுவலரிடம் கேளும். வாசிக்கும்போது முகத்தையும் பாரும். வாரம் தவறாமல் கேன்டீன் வரம்பு முழுக்கக் கழிந்திருக்கும், ஆனால் அவர் கையில் ஒரு சோப்புத் துண்டுகூட இருக்காது. அவர் கணக்கில் வேறு யாரோ வாங்குகிறார் என்று அர்த்தம். மனு பார்க்கவே, அதாவது சிறைக்கு வந்து நேரில் பார்க்கவே, ஆள் வராத ஒருவர் கணக்கில் திடீரென்று நாலு பேர் பணம் கட்டினாலும் அப்படித்தான். பீடிக் கடனில் தொடங்கி இதில் வந்து முடியும். எல்லார் முன்னாலும் கேட்டால் வாயைத் திறக்க மாட்டார், தனியாகக் கேளும்.

கூலியில் பாதிக்கப்பட்டவர் நிதிக்கு ஒரு பங்கு பிடிப்பதில் பலருக்கும் கோபம் உண்டு. கடுங்காவல் கைதியின் உழைப்புக்கு நியாயமான கூலி தர வேண்டும், அதில் ஒரு பகுதி பாதிக்கப்பட்டவருக்குப் போக வழி செய்ய வேண்டும் என்று 1998-ல் உச்ச நீதிமன்றம் குஜராத் வழக்கில் சொன்னதை முதலிலேயே விளக்கிவிட்டால், ஆபீஸில் களவு போகிறது என்ற சந்தேகம் வராது. மிச்சத்தை மூன்றாகப் பிரித்து வைக்கப் பழக்க வேண்டும். பிடித்தம் போக மாதம் 3,000 ரூபாய் ஏறுகிறது என்று வைத்துக்கொள்ளும். 1,500 வீட்டுக்கு, 600 கேன்டீனுக்கு, 900 தொடாமல் என்று விட்டால் மூன்று வருஷத்தில் 32,400 ரூபாய். ஒரு தையல் மெஷினும் வீட்டு அட்வான்ஸும் அதில் அடங்கும். வீட்டுக்கு என்றால் யாருக்கு என்பதையும் எழுதி வாங்க வேண்டும். மனைவிக்கா தாயாருக்கா என்று தெளிவில்லாமல் அனுப்பிய பணத்தால் இரண்டு பேரும் மனு பார்க்க வருவதையே நிறுத்திவிட்ட குடும்பங்கள் உண்டு.

இனி அபராதம். இதை ஒரு தரம் நிதானமாகப் படியும், உம்மால் உடனே பலன் காட்ட முடிந்த இடம் இதுதான். தண்டனையோடு 5,000 ரூபாய் அபராதம், கட்டத் தவறினால் மேற்கொண்டு 6 மாதம் என்று தீர்ப்பில் இருக்கும். அந்த 6 மாதம் முக்கியத் தண்டனை முடிந்த பிறகுதான் ஓட ஆரம்பிக்கும். ரிமாண்டில் இருந்த நாட்களை அதில் கழிக்கவும் மாட்டார்கள். ஆனால் முழுசாகக் கட்ட முடியாவிட்டாலும் கட்டிய அளவுக்குக் குறையும். 2,500 கட்டினால் 3 மாதம்தான். அந்த 6 மாதம் ஓட ஆரம்பித்த பிறகு கட்டினாலும் கட்டிய விகிதத்துக்குக் கழியும். இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 69-ஆம் பிரிவில் இருந்த இந்த விதி இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவின் 8-ஆம் பிரிவில் இருக்கிறது. இது தெரியாமல், முழுத்தொகையும் புரண்டால்தான் உண்டு என்று நினைத்து வீட்டார் கையைக் கட்டிக்கொண்டிருப்பார்கள். பணத்தைக் கோர்ட்டில் கட்டி ரசீது வாங்கினால் மட்டும் போதாது. கட்டியாயிற்று என்ற தகவல் கோர்ட்டில் இருந்து சிறைக்கு வந்து, விடுதலைத் தேதியைத் திருத்திப் போட வேண்டும். ரசீதை வீட்டு அலமாரியில் வைத்துக்கொண்டு, ஆள் ஏன் வரவில்லை என்று காத்திருப்பார்கள். ஒரு நகலைச் சிறை அலுவலகத்தில் கொடுத்து, தேதி மாறியதா என்று நேரில் பாரும்.

அபராதம் கட்டவே வழியில்லாதவருக்கு மத்திய அரசின் ஏழைச் சிறைவாசிகள் உதவித் திட்டம் இருக்கிறது. 2023 வழிகாட்டுதலின்படி தண்டனைக் கைதியின் அபராதத்துக்கு 25,000 ரூபாய் வரை, விசாரணைக் கைதியின் பிணைக்கு 40,000 ரூபாய் வரை என்று இருந்தது. கலெக்டர், சட்டப் பணிகள் ஆணைக்குழுச் செயலாளர், எஸ்.பி., சிறை அதிகாரி, ஒரு நீதிபதி அடங்கிய மாவட்டக் குழு முடிவு செய்யும். ஊழல் தடுப்பு, சட்டவிரோதப் பணப் பரிமாற்றம், போதைப்பொருள், உபா (சட்டவிரோத நடவடிக்கைகள் தடுப்புச் சட்டம்) வழக்குகளுக்குக் கிடையாது. யாரும் தேடி வந்து தர மாட்டார்கள், பெயரைக் கொண்டுபோய்க் கொடுக்க ஆள் வேண்டும்.

விசாரணைக் கைதிகளில் ஜாமீன் கிடைத்தும் உள்ளே கிடப்பவர்களைத் தனியாக எழுதி வையும். ஜாமீன் கிடைத்து 7 நாளில் விடுதலை ஆகாவிட்டால் சிறைக் கண்காணிப்பாளர் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் செயலாளருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. ஒரு மாதத்தில் ஜாமீன்தார் கிடைக்காவிட்டால் நிபந்தனையைத் தளர்த்துவதைக் கோர்ட்டே பரிசீலிக்கலாம். உள்ளூர் ஜாமீன்தார்தான் வேண்டும் என்பதையும் தளர்த்தக் கேட்கலாம். பிழைப்புக்கு வந்த இடத்தில் மாட்டிய வெளியூர்க்காரருக்கு அதுதான் கதவைத் திறக்கும். முன்பு எந்த வழக்கிலும் தண்டனை ஆகாதவர் அதிகபட்சத் தண்டனையில் மூன்றில் ஒரு பங்கையும், மற்றவர் பாதியையும் உள்ளே கழித்திருந்தால் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்கிற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 479-ஆம் பிரிவின்படி பிணையில் விடக் கேட்கலாம். தூக்கு, ஆயுள் தண்டனைக்குரிய குற்றமாக இருக்கக் கூடாது, வேறு வழக்கும் நிலுவையில் இருக்கக் கூடாது.

அந்த வேறு வழக்குதான் கடைசி நாளில் ஆளைக் கவிழ்ப்பது. அம்பாசமுத்திரம் கோர்ட்டில் ஒரு பழைய அடிதடி வழக்கு இருக்கும். இவர் உள்ளே இருந்ததால் ஆஜராகவில்லை, அங்கே பிடிவாரண்டு போட்டிருப்பார்கள். அல்லது இவரை அந்தக் கோர்ட்டில் ஆஜர்படுத்தக் கேட்கிற பி.டி. வாரண்டு ஒன்று சிறைக்கே வந்து கிடக்கும். பை கட்டிக் கேட் வரை வந்தவரைத் திரும்பக் கூட்டிப்போவார்கள், வெளியே பிள்ளைகள் நிற்கும். ஆறு மாதத்துக்கு முன்பே ‘உம் பேரில் எந்த ஸ்டேஷனில் எல்லாம் கேஸ் உண்டு?’ என்று கேட்டு, நீதிமன்ற இணையதளத்தில் பார்த்து, வாரண்டை ரத்து செய்ய மனு போட்டுவிட்டால் இது வராது.

அடுத்தது பேங்க். வாரண்டில் ‘சுடலை த/பெ மாடசாமி’ என்றும், ஆதாரில் ‘மா. சுடலைமுத்து’ என்றும் இருக்கும். சிறைப் பெயரில் வந்த காசோலையைப் பேங்கில் திருப்பிக் கொடுத்துவிடுவார்கள். இரண்டும் ஒரே ஆள்தான் என்று சிறையில் இருந்து ஒரு சான்று முன்னாலேயே வாங்கி வைக்க வேண்டும். இரண்டு வருஷம் வரவு செலவு இல்லாத கணக்கு முடங்கிவிடும், அடையாளச் சான்று கொடுத்தால் கட்டணமில்லாமல் உயிர்ப்பித்துத் தருவார்கள். போன் எண் அதைவிடச் சிக்கல். 90 நாள் பயன்படுத்தாத சிம்மைக் கம்பெனி நிறுத்தி, எண்ணை வேறொருவருக்குக் கொடுத்துவிடலாம். பேங்கில் பழைய எண்ணே பதிவாகி இருந்தால் இவர் கணக்கின் ஓ.டி.பி. முன்பின் தெரியாதவர் போனுக்குப் போகும். ஆகவே முதலில் சிம், பிறகு ஆதாரில் எண் மாற்றம், அதன் பிறகு பேங்க். வரிசை மாறினால் மூன்று தரம் அலைய வேண்டும். ஆதாரே இல்லாதவருக்கு, சிறையில் தருகிற சிறைவாசி அனுமதிச் சான்றை வைத்து உள்ளேயே பதிவு செய்யலாம். ரேஷன் கார்டில் கைரேகை வைக்காமல் பெயர் நீங்கியிருந்தால் அதையும் செய்ய வேண்டிய வேலைகளில் சேர்த்துக்கொள்ளும். தண்டனைக் கைதிக்கு விடுப்பு கிடைக்கும் என்றால் இந்த வேலைகளுக்கு அதைவிட நல்ல சமயம் கிடையாது. சாதாரண விடுப்பு சில வாரம் வரும், மூன்று நாளை இதற்கு ஒதுக்கினால் போதும்.

எங்கே போய் இருக்கப் போகிறார் என்பதை நன்னடத்தை அலுவலர் விசாரிப்பார். நம் மாவட்டத்தில் நீர் கூடுதலாகக் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு: எதிர்த்தரப்பு அதே ஊரிலா? பழிக்குப் பழி என்று காத்திருக்கும் ஊருக்கு நேராக அனுப்பக் கூடாது. முதல் சில மாதம் சொந்தக்காரர் வீட்டிலோ வெளியூர் வேலையிலோ இருக்கட்டும். வேலையும் ஊரைப் பார்த்துத்தான் அமையும். உள்ளே தறி பழகியவருக்கு வீரவநல்லூர், சங்கரன்கோவில் பக்கம் இடம் உண்டு. பாய் முடையத் தெரிந்தவருக்குப் பத்தமடை, பீடி சுற்றும் பெண்களுக்கு முக்கூடல், மேலப்பாளையம். கருவிக்கும் சிறு தொழிலுக்கும் விடுதலை பெற்ற கைதிகள் உதவிச் சங்கத்துக்கு மனுப் போடலாம். அதையும் உள்ளே இருக்கும்போதே போட்டுவிட வேண்டும், வெளியே போனபின் கையெழுத்துக்கு ஆளைப் பிடிக்க முடியாது.

கேட்டில் முழுத் தொகையையும் ரொக்கமாக வாங்க விடாதீர். பத்து நாள் செலவுக்குக் கையில், மற்றது பேங்கில். வருஷக்கணக்கில் பணத்தையே தொடாதவர் கையில் கட்டாக நோட்டு வந்தால், டாஸ்மாக்கும் பழைய கூட்டாளிகளும் அன்று இரவே கரைத்துவிடுவார்கள். ‘உன் பேங்க் கணக்கை மாதம் இவ்வளவுக்குக் கொடு’ என்று ஒருவன் வருவான் என்பதையும் சொல்லி அனுப்பும். மோசடிப் பணம் அதில் வந்து போகும், வழக்கு இவர் தலையில் விழும். காசநோய்க்கோ மனநலத்துக்கோ மருந்து சாப்பிடுபவருக்கு ஒரு மாத மாத்திரையும், ஹைகிரவுண்டு ஆஸ்பத்திரியில் காட்ட மருத்துவச் சீட்டும் வேண்டும். பல நேரம் விடுதலை பொழுது சாயத்தான் நடக்கும். திசையன்விளைக்கோ பாபநாசத்துக்கோ கடைசி பஸ் போய்விட்டால், காலையில் வெளியே வந்தவருக்கு இல்லாத ஆபத்து இவருக்கு உண்டு. கூட்டிப்போக யார் வருகிறார் என்பதை முந்தின நாளே போனில் உறுதிசெய்யும்.

நீர் செய்ய வேண்டியது இப்போதைக்கு ஒன்றுதான். அடுத்த ஆறு மாதத்தில் விடுதலை ஆகிறவர்கள், ஜாமீன் கிடைத்தும் கிடப்பவர்கள் என்று இரண்டு பட்டியல் எழுதும். பெயர், எண், வழக்கு, அபராதம், கணக்கு இருப்பு, போன் எண், போகிற ஊர் போதும். நகல் ஒன்றை எனக்கு அனுப்பினால், பாளையில் தண்டனை முடிக்கிற உம் பக்கத்து ஆட்களை இங்கே நான் சரிபார்த்துச் சொல்கிறேன். அபராதம் பாக்கி உள்ளவர்களின் தீர்ப்பு நகலை முதலில் அனுப்பும்.

அன்புடன்,
வேலாயுதம்