கொரிய எல்லைப் படங்கள் 2000-இல் தொடங்கவில்லை

ஆசிரியருக்கு வணக்கம்.

போன ஞாயிறு இணைப்பில் வந்த கொரிய சினிமா கட்டுரையைப் புளியரை செக்போஸ்ட் பக்கத்து டீக்கடையில் உட்கார்ந்து இரண்டு தடவை படித்தேன். நன்றாகத்தான் இருந்தது, ஆனால் வடகொரிய-தென்கொரிய எல்லையில் நிற்கும் சிப்பாய்களையும் மனுஷர்களாகக் காட்டியது 2000-இல் பார்க் சான் வூக் எடுத்த படம்தான் என்கிற மாதிரி எழுதியிருந்தது மனசுக்கு ஒப்பவில்லை. அவருக்கு ரொம்ப முன்னாலேயே இதைச் செய்து அடிபட்டவர்கள் இருக்கிறார்கள்.

கொரியப் போரில் 1953 ஜூலை 27-இல் போர்நிறுத்தம். இரண்டே வருஷத்தில் 'பியாகோல்' என்ற தென்கொரியப் படம் வந்துவிட்டது. ஜிரிசான் மலையில் மாட்டிக்கொண்ட கம்யூனிஸ்ட் கெரில்லாக்கள்தான் படம் முழுக்க, அவர்களுடைய பயமும் ஒருவர்மேல் ஒருவருக்கு வந்த சந்தேகமும்தான் கதை. தென்கொரிய அரசுக்கு அது பொறுக்கவில்லை, படத்தை நிறுத்திவிட்டது. கடைசியில் ஒரு பெண் மட்டும் மலையை விட்டு இறங்கித் தன்னந்தனியாக நடந்து வருவாள். அவள் எந்தப் பக்கம் போகிறாள் என்பதில் யாருக்கும் சந்தேகம் வரக்கூடாது என்று அவள்மேல் தென்கொரியக் கொடியைப் படரவிட்ட பிறகுதான் அனுமதி கிடைத்தது. போனில் பார்த்தபோதுகூட அந்தக் கொடி துருத்திக்கொண்டுதான் தெரிந்தது.

அப்புறம் 1965. பிடிபட்ட தென்கொரிய நர்ஸுகளைச் சீனச் சிப்பாய்களிடமிருந்து ஒரு வடகொரிய அதிகாரி காப்பாற்றுவதாக லீ மான் ஹீ படம் எடுத்தார். எதிரியை நல்லவனாகக் காட்டிவிட்டார் என்று கம்யூனிச எதிர்ப்புச் சட்டத்தில் டைரக்டரையே கைது செய்தார்கள், படத்தை வெட்டி, பெயரையும் மாற்றித்தான் வெளியே விட்டார்கள். அதே வருஷம் பார்க் சாங் ஹோ, இரண்டு கொரியாக்களுக்கும் நடுவே ராணுவம் விலகிய எல்லைப் பகுதிக்குள்ளேயே கேமராவைக் கொண்டுபோய், அங்கே வழிதவறி அலையும் ஒரு பையனையும் சிறுமியையும் படமாக்கினார்.

எங்கள் செங்கோட்டையே 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர்-கொச்சியில் இருந்த ஊர், அப்பா மலையாளமும் சேர்த்துப் படித்தவர். இன்றைக்கும் கேரளத்து ஆரியங்காவுக்குப் போய்வர பஸ் டிக்கெட் போதும். அதனாலோ என்னவோ, நாலு கிலோமீட்டர் அகலத்துக்குக் கிட்டத்தட்ட ஆளே இல்லாத அந்த எல்லையில் இரண்டு பிள்ளைகள் விளையாடுவதைப் பார்க்க எனக்கு அடிவயிறு கலங்கியது.

இன்னொன்று. வடக்கும் வேண்டாம், தெற்கும் வேண்டாம் என்ற போர்க்கைதிகள், சீனர்கள் சிலரையும் சேர்த்து 88 பேர், 1954-இல் கப்பலில் வந்து இறங்கியது நம் மதராஸில்தான். தமிழ்ப் பத்திரிகையில் வந்த கட்டுரையில் அதைப் பற்றி ஒரு வரியாவது இருந்திருக்க வேண்டாமா? கொரியத் திரைப்பட ஆவணக்காப்பகம் பழைய படங்கள் நிறைய யூடியூபில் இலவசமாகவே போட்டிருக்கிறது. அடுத்த கட்டுரை எழுதுகிறவர் அதில் இரண்டையாவது பார்த்துவிட்டு எழுதட்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், புளியரை