காப்பி ஆகிவிட்டது என்று நம்பிய கதை

அன்புள்ள முருகேசா,

நலம். வீட்டில் எல்லோரும் சுகம்தானே? பேத்தியின் காதுகுத்துப் படங்கள் வந்தன. உன் முகத்தைவிட ஆசாரியின் முகத்தில்தான் பயம் அதிகம்.

போன மாதம் ஸ்டூடியோவின் பழைய ஹார்ட் டிஸ்க்கைப் புதுசுக்கு மாற்றுவது எப்படி என்று கேட்டாய். ‘காப்பி, பேஸ்ட், அவ்வளவுதானே’ என்றேன். அந்தப் பதிலை வாபஸ் வாங்கத்தான் இந்தக் கடிதம்.

என் வீட்டுப் படங்கள் ஒரு 300 ஜிபி இருக்கும். ராத்திரி காப்பி போட்டுவிட்டுப் படுத்தேன். காலையில் திரையில் காப்பி ஓடும் பெட்டி மறைந்திருந்தது. முடிந்தது என்று வயரை உருவிவிட்டேன். ஒரு வாரம் கழித்து அக்கா கல்யாணப் படத்தைத் திறந்தால், மாலையோடு கழுத்து வரை தெரிகிறது, அதற்குக் கீழே வெறும் சாம்பல் நிறம். மூலப் படத்தோடு ஒப்பிட்டேன். ஃபைல் அளவு ஒரு பைட்கூடக் குறையவில்லை! கேபிள் தளர்ந்திருந்ததாலா, நான் அவசரப்பட்டு உருவியதாலா, அப்போது புரியவில்லை. நல்லவேளை, பழைய டிஸ்க்கை அழிக்கவில்லை.

அப்புறம்தான் டெராகாப்பி என்ற காப்பி எடுக்கும் மென்பொருளைப் போட்டேன். அதில் ‘வெரிஃபை’ என்று ஒன்று உண்டு. காப்பி முடிந்ததும் போய்ச்சேர்ந்த ஃபைலை மறுபடி படித்து, மூலத்தின் செக்சம்மோடு, அதாவது ஃபைலின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் கைரேகை மாதிரியான எண்ணோடு, ஒப்பிடும். நேரம் கூடத்தான் ஆகும். அதே கேபிளில் ஓட்டினேன், மூன்று ஃபைல்கள் பொருந்தவில்லை. கேபிளை மாற்றி அந்த மூன்றை மட்டும் திரும்பப் போட்டேன், சரியாகிவிட்டது. கெட்டுப்போன ஃபைல் ஒன்று குறுக்கே வந்தாலும் அதைத் தள்ளிவைத்துவிட்டு மற்றதைத் தொடரும். சொந்த உபயோகத்துக்கு இலவசம். நீ ஸ்டூடியோவுக்குப் போட்டால் காசு கட்ட வேண்டும், அதில் கஞ்சத்தனம் வேண்டாம்.

கறுப்புத் திரையில் கட்டளை அடிக்கப் பயமில்லை என்றால் ரோபோகாப்பி இருக்கிறது. வெளியே தேடவே வேண்டாம், விஸ்டா காலத்திலிருந்து விண்டோஸுக்குள்ளேயே இருக்கிறது. கரண்ட் போனால் அதே வரியைத் திரும்ப அடி, போனதை விட்டுவிட்டு மிச்சத்தை எடுத்துக்கொள்ளும். உங்கள் பக்கத்துக்கு ரொம்பப் பொருத்தம். ஆனால் அது வெரிஃபை செய்யாது. இன்னொரு வேடிக்கை: ஒரு ஃபைலைப் படிக்க முடியாவிட்டால், நாம் ஒன்றும் சொல்லாதபோது, அது பத்து லட்சம் தடவை முயற்சி பண்ணும், தடவைக்கு 30 நொடி காத்திருந்து. கணக்குப் போட்டுப் பார்த்தேன், 347 நாள்! ஒரே ஒரு கெட்ட படத்துக்கு! அதனால் ஆர் என்ற எழுத்தோடு 2, டபிள்யூ என்ற எழுத்தோடு 5 என்று சேர்த்துவிடு. ஐந்து நொடி இடைவெளியில் இரண்டு முறை மறுபடி பார்த்துவிட்டு அடுத்ததற்குப் போகும்.

அந்தக் கட்டளையில் எம்ஐஆர் என்ற சொல்லை மட்டும் தொடாதே. மூலத்தில் இல்லாததையெல்லாம் சேருமிடத்தில் அழித்துவிடும். நான் ஒரு நாள் அசதியில் இடம் மாற்றி அடித்துவிட்டேன், மூலம் வரவேண்டிய முன்னிடத்தில் காலி டிஸ்க், சேருமிடம் வரவேண்டிய பின்னிடத்தில் படங்கள் இருக்கும் டிஸ்க். பழக்கதோஷத்தில் எல் என்ற எழுத்தையும் சேர்த்திருந்தேன். அது இருந்தால் எதையும் செய்யாமல், என்ன செய்யும் என்பதை மட்டும் காட்டும். திரையில் ‘எக்ஸ்ட்ரா ஃபைல்’, ‘எக்ஸ்ட்ரா ஃபைல்’ என்று, அழியப்போகும் பட்டியலாக, அக்கா கல்யாணம் வரிவரியாக ஓடியது. எழுந்து போய் ஒரு சொம்பு தண்ணீர் குடித்துவிட்டு வந்தேன்.

கட்-பேஸ்ட் பண்ணும் உன் பழக்கத்தையும் இந்த ஒரு வேலைக்காவது விடு. காப்பி பண்ணு, சரிபார், பழைய டிஸ்க்கைப் பீரோவில் வை.

கார்த்திகைக்கு வரும்போது டிஸ்க்கைக் கையோடு கொண்டு வா, உட்கார்ந்து பார்ப்போம். கேபிள் கொண்டு வராதே, உன்னிடம் இருப்பதும் என்னுடையது மாதிரிதான் இருக்கும். புதுசு வாங்கி வைத்திருக்கிறேன்.

அன்புடன்,
சேது