ஹிலோவிலிருந்து மரகதத்துக்கு

அன்புள்ள மரகதம்,

உன் கடிதம் கிடைத்தது. கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததில் நிம்மதி. சொட்டு மருந்தை நேரம் தவறாமல் விடு. வீடு பெருக்கக் குனிந்தாயானால் உன் மருமகளிடம் போட்டுக் கொடுத்துவிடுவேன்.

பேத்தியை இங்கே ஹூலா கிளாஸில், அதான் ஹவாய்த் தீவுக்காரர்களின் நடன கிளாஸில், சேர்த்திருக்கிறார்கள். கொண்டுபோய் விட்டுக் கூட்டி வருவது என் வேலை. ஹூலா என்றதும் நீ புல் பாவாடையும் இடுப்பாட்டமும்தான் நினைப்பாய். அது ஹோட்டல்காரர்கள் டூரிஸ்டுகளுக்காகப் போடுவது. இங்கே முதலில் பாட்டு. பிள்ளைகள் வாசலில் வரிசையாக நின்று, உள்ளே வரலாமா என்று கேட்டுப் பாட வேண்டும். டீச்சரை ‘குமு’ என்கிறார்கள். அவர் உள்ளேயிருந்து பதிலுக்குப் பாடினால்தான் நுழையலாம். சொல் தெளிவாக விழவில்லையென்றால் பதிலே வராது. மறுபடி பாட வேண்டியதுதான். மழையென்றும் பார்ப்பதில்லை. ஹிலோவில் மழைக்கா பஞ்சம்!

இரண்டு சுரைக்குடுக்கைகளை ஒன்றன்மேல் ஒன்றாக ஒட்டினால் அதுதான் ‘இபு ஹெகே’. மடித்த துணிமேல் அதைத் தொம்மென்று ஊன்றி, தூக்கிப் பக்கவாட்டில் விரலால் தட்டியபடி குமுவே பாடுகிறார். வரியில் வருவது எந்த மலை, எந்தக் காற்று என்று சொல்லிவிட்டுத்தான் கையசைவுக்கே வருகிறார். இங்கே ஊருக்கு ஊர் மழைக்குத் தனிப்பெயர் உண்டு. ஹிலோ மழை கனிலெஹுவா. பேத்திக்கு இதெல்லாம் தலைகீழ்ப் பாடம்.

இந்தக் கறாருக்குக் காரணம் இருக்கிறது. கிறிஸ்தவத்துக்கு மாறிய ராணி காஅஹுமானு, பொது இடத்தில் ஹூலா ஆடக் கூடாதென்று 1830-ல் தடை போட்டாள். 1883-ல் கலாகௌவா மன்னர் தன் முடிசூட்டு விழாவில் ஆடவைத்தார். அதற்கு நிகழ்ச்சி நிரல் அச்சடித்தவர் மேல் ஆபாச வழக்கு, கேட்டுக்கொள்! பத்து வருஷத்தில் ராஜ்யமே போயிற்று. 1896-ல் பள்ளிக்கூடங்களில் ஆங்கிலம்தான் என்று சட்டம் வந்தது. வீட்டில் ஹவாய் மொழி பேசாத பிள்ளைகளின் வாயிலும் அது பாட்டாக மிஞ்சியது. 1984-ல் அந்த மொழியிலேயே மழலையர் பள்ளிகள் தொடங்கினார்கள். எனக்கென்னவோ அதில் பாதிப் புண்ணியம் இந்த குமுக்களுக்குத்தான்.

கிளாஸ் தொடங்குமுன் ஞானம் வேண்டிப் பாடுவது ஈடித் கனகாஓலே இயற்றியது. பெரிய குமு, அவர் முகம் 2023-ல் அமெரிக்கக் கால் டாலர் நாணயத்தில் வந்தது. ஈஸ்டரை ஒட்டி நடக்கும் மெர்ரி மோனார்க் விழாவின் ஹூலாப் போட்டியும் அவர் பெயரிலுள்ள ஸ்டேடியத்தில்தான். 1971-லிருந்து போட்டி. சாமி பாட்டுக்கு மார்க் போடுவதில் எனக்கு அரை மனசுதான். ஆனால் ஓஹியா மரங்கள் பூஞ்சை நோயில் பட்டுப்போவதால், அதன் லெஹுவா பூவை ஆடுகிறவர்களின் அலங்காரத்துக்குப் பறிக்க வேண்டாம் என்று விழாக்காரர்களே கேட்டுக்கொண்டார்களாம். அது பிடித்திருந்தது.

உன் பாட்டு கிளாஸ் எப்போது ஆரம்பம்? டாக்டரைக் கேட்காமல் பிள்ளைகளைக் கூப்பிட்டுவிடாதே. அந்த நாட்டைக்குறிஞ்சி கீர்த்தனையை போனில் பதிவு செய்து அனுப்பு, பேத்தி கேட்கட்டும்.

அன்புடன்,
ஜானகி