நாற்பதாம் பக்கத்துக் கொலை

அன்புள்ள கண்ணம்மா,

உன் கதையில் நாற்பதாம் பக்கத்தில் வருகிற கொலையை முதல் காட்சிக்கே கொண்டுவரச் சொல்கிறார்கள் அந்த ஓடிடிக்காரர்கள், இணையத்தில் படம் காட்டுகிறவர்கள், என்று போனில் சொன்னாய். ஆரம்பத்திலேயே ஏதாவது நடக்காவிட்டால் பார்க்கிறவன் அடுத்ததற்குப் போய்விடுவானாம். நானும் சும்மா உம் கொட்டிவிட்டு வைத்துவிட்டேன், அப்புறம் ராத்திரி முழுக்கத் தூக்கம் வரவில்லை.

அவர்கள் பயத்தில் நியாயம் இல்லாமல் இல்லை. கொஞ்ச காலம் நெட்ஃபிளிக்ஸில் ஒருவர் இரண்டு நிமிடம் ஓடவிட்டாலே அந்தப் படத்தைப் பார்த்ததாகக் கணக்கு. 2021-ல் மொத்தம் எத்தனை மணி நேரம் ஓடியது என்று மாற்றினார்கள். எண்ணுகிற விதம் இப்படி இருந்தால் கதை சொல்கிற விதம் அதற்கு வளையாமல் என்ன செய்யும்?

படம் எடுக்கிற முதலாளியே காட்டுகிற இடத்தையும் பிடித்து வைப்பது புதிதும் இல்லை. ஹாலிவுட்டின் பெரிய ஸ்டுடியோக்கள் ஒரு காலத்தில் தியேட்டர்களையும் தங்கள் கையில் வைத்திருந்தன. மற்ற தியேட்டர்காரர்கள் ஒரு நட்சத்திரப் படம் கேட்டால், கூடவே பார்க்காத படங்களையும் ஒரு கட்டாகத் தலையில் கட்டிவிடுவார்கள். 1948-ல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் அதற்குத் தடை போட்டது. இன்றைக்குப் படம் எடுப்பதும், காட்டுவதும், எத்தனை பேர் பார்த்தார்கள் என்று எண்ணுவதும் ஒரே ஆள்! 2023-ல் அங்கே எழுத்தாளர்கள் 148 நாள் வேலைநிறுத்தம் செய்தார்களே, அவர்கள் கேட்டதில் இந்தக் கணக்கைக் காட்டு என்பதும் ஒன்று, கொஞ்சம் கிடைத்தது.

சரி, இந்த நெட்ஃபிளிக்ஸ் மாதிரி ஆட்கள் இல்லாவிட்டால் ஒரு கொரியத் தொடரை உலகமே சப்டைட்டில் படித்துப் பார்த்திருக்குமா என்று நீ கேட்பாய். பார்த்திருக்காது, ஒத்துக்கொள்கிறேன்.

ஆனால் உன் கடிகாரக்காரரை யோசித்துப் பார். கழற்றிய திருகுகளை ஒவ்வொன்றாக எண்ணித் தட்டில் வைப்பார், ஒன்று குறைந்தால் மேஜைக்கடியில் தவழ்ந்து தேடுவார், கண்ணாடியை நெற்றியில் வைத்துக்கொண்டே கண்ணாடியைத் தேடுவார். முப்பத்தொன்பது பக்கம் அந்த மனுஷனோடு இருந்ததால்தானே நாற்பதாவதில் எனக்குப் பகீர் என்றது? முதல் காட்சியிலேயே அவர் செத்துக் கிடந்தால் எனக்கு அது வெறும் பிணம்.

அவர்கள் கேட்டபடி மாற்றிக் கொடுப்பதா வேண்டாமா என்பது உன் பாடு, மாதாமாதம் வாடகை கட்டுகிறவள் நீதான். மாற்றினாலும் பழைய பிரதியை அழித்துவிடாதே, எனக்கு ஒன்று அனுப்பு. அந்தத் தொலைந்த திருகு கடைசியில் கிடைத்ததா என்று இன்னும் நான் படிக்கவில்லை.

அம்மா