கிளிமானூர் வீடு

அன்புள்ள மக்களே,

நீயும் மாப்பிள்ளையும் பேரனும் சுகம்தானே? இங்கே அப்பாவும் நானும் சுகம். போனில் பேச ஆரம்பித்தால் பாதியில் உனக்கு மீட்டிங் வந்துவிடுகிறது. இந்த விஷயத்தை அப்படி அரைகுறையாகச் சொல்ல எனக்கு மனசில்லை. அதனால் எழுதுகிறேன், நேரம் கிடைக்கும்போது படி.

அப்பாவும் நானும் கிளிமானூர் போய்வந்தோம். ஓவியர் ராஜா ரவிவர்மா பிறந்து வளர்ந்த வீடு. எத்தனையோ வருஷமாகப் போக வேண்டும் என்று பேசிக்கொண்டே இருந்த இடம். விடியற்காலை நாகர்கோவிலில் ரயில் ஏறி, குழித்துறை, பாறசாலை, நெய்யாற்றின்கரை எல்லாம் தாண்டித் திருவனந்தபுரம். தம்பானூர் ஸ்டாண்டில் கொட்டாரக்கரை பஸ் பிடித்தோம். எம்.சி. ரோட்டில் வெஞ்ஞாறமூடு கழிந்தால் அடுத்து கிளிமானூர்தான். திருவனந்தபுரத்திலிருந்து சுமார் 40 கிலோமீட்டர். காலையில் போய் ராத்திரி வீட்டுக்கு வந்து படுத்துவிடலாம்.

அரண்மனை என்று சொல்கிறார்களே என்று பத்மநாபபுரத்தை மனசில் வைத்துக்கொண்டு போகாதே. அது ராஜா ஆண்ட இடம். இது பெரிய குடும்பம் ஒன்று குடியிருந்த வீடு, இன்றைக்கும் அந்தக் குடும்பத்தார் கையில்தான் இருக்கிறது. 15 ஏக்கருக்கு மேல் பரந்த தோப்பு மாதிரி வளாகம். அதற்குள்ளே நடுமுற்றத்தைச் சுற்றி நாலு பக்கமும் கட்டின நாலுகெட்டு வீடு, சின்னதும் நடுத்தரமுமாகச் சில கட்டிடங்கள், இரண்டு குளம், கிணறுகள், காவு என்கிற மரம் அடர்ந்த சாமி தோப்பு. குடும்பம் புழங்குகிற இடம் என்பதால் முன்கூட்டியே கேட்டுக்கொண்டு போவதுதான் மரியாதை. காட்டுகிற இடத்தைப் பார்த்தோம், மூடியிருந்த கதவுப் பக்கம் போகவில்லை. சுத்திப் பார்க்க வருகிறவர்களுக்காக ஒரு வீட்டைப் பொம்மை மாதிரி அலங்கரித்து வைப்பதைவிட இப்படி இருப்பதுதான் எனக்குப் பிடித்தது.

வேணாட்டு, அதாவது திருவிதாங்கூர், ராஜகுடும்பத்துப் பெண்களுக்கு மாப்பிள்ளை கொடுத்த குடும்பம் இது. மார்த்தாண்ட வர்மா மகாராஜாவின் தகப்பனார் இந்தக் குடும்பத்தைச் சேர்ந்தவர். 1753-ல் மார்த்தாண்ட வர்மா இந்தக் கிளிமானூர் நிலத்துக்கு வரி இல்லை என்று உரிமை கொடுத்தார். அப்பாவுக்கு இதையெல்லாம்விட வேலுத்தம்பி விஷயம்தான். திருவிதாங்கூரின் தளவாயாக, அதாவது முதல் மந்திரியாக, இருந்த நம்ம தலக்குளத்துக்காரர் அல்லவா! வெள்ளைக்காரனோடு கடைசியாக மோதப் போகிற நேரத்தில் தளவாய் இங்கே வந்து தன் வாளை ஒப்படைத்துவிட்டுப் போனாராம். அந்த வாளைக் குடும்பத்தார் பத்திரமாக வைத்திருந்து 1957-ல் ஜனாதிபதி ராஜேந்திர பிரசாத்திடம் கொடுத்தார்கள். அப்பா முற்றத்தில் நின்று இதைப் பத்து நிமிஷம் சொன்னார். பக்கத்தில் நின்ற கொல்லத்துக் காலேஜ் பிள்ளைகள்கூட நின்று கேட்டார்கள்.

எனக்கு அந்த வீட்டுக்குள்ளே பார்க்க வேண்டியது வேறு.

ரவிவர்மா பிறந்தது 1848 ஏப்ரல் 29. சின்னப் பையனாக இருக்கும்போதே கரித்துண்டை எடுத்து அந்த வீட்டுச் சுவரில் மிருகமும் மனுஷருமாக வரைந்து தள்ளுவாராம். வேலைக்காரர்கள் புகார் சொல்லியிருக்கிறார்கள். தாய்மாமன் ராஜராஜ வர்மா வந்து பார்த்தார். அவரும் படம் வரைகிறவர், தஞ்சாவூர்ப் பாணியில் கை பழகியவர். சுவரைப் பார்த்ததும் அவருக்கு விஷயம் புரிந்துவிட்டது. பையனை உட்கார வைத்துச் சொல்லிக்கொடுக்க ஆரம்பித்தார். தாய்வழியில் சொத்தும் உரிமையும் போகிற மருமக்கத்தாயக் குடும்பத்தில் மாமன்தானே எல்லாம். அதிகாரமும் அவர் கையில், பொறுப்பும் அவர் தலையில். பையனுக்கு 14 வயசானபோது, 1862-ல், அவரே திருவனந்தபுரத்துக்குக் கூட்டிப்போய் ஆயில்யம் திருநாள் மகாராஜாவின் முன்னால் நிறுத்தினார்.

இதெல்லாம் நீ சின்ன வயசில் கேட்ட கதைதான். ஆனால் அந்த வீட்டில் நிற்கும்போது நான் வேறொன்றையே யோசித்தேன். மாமன் ஒருவர் மட்டும் இல்லை மக்களே, அந்த வீடே அப்படி. ரவிவர்மாவின் அம்மா உமயாம்பா தம்புராட்டி, ஆடிக்கொண்டே கதை சொல்கிற துள்ளலுக்குப் பாட்டு எழுதியவர். அவர் எழுதின 'பார்வதி சுயம்வரம்' என்ற நூலை அவர் காலத்துக்குப் பிறகு ரவிவர்மாவே அச்சில் கொண்டுவந்தார். ரவிவர்மாவின் அப்பா ஒரு பட்டதிரிப்பாடு, சமஸ்கிருதம் படித்த பண்டிதர். தம்பி சி. ராஜராஜ வர்மா ஓவியர். தங்கை மங்களாபாய் தம்புராட்டியும் ஓவியர். ஊர் உலகம் ஒரே ஒரு பேரைத்தான் சொல்லுகிறது. அந்த வீட்டில் தூரிகை பிடித்த கைகள் பல.

தம்பியைப் பற்றிச் சொல்கிறேன். அண்ணனைவிடப் பன்னிரண்டு வயசு இளையவர். இயற்கைக் காட்சி வரைவதில் கெட்டிக்காரர். அண்ணன் வரைந்த பெரிய படங்களில் பின்னால் தெரிகிற மலை, மரம், வானம் பலதிலும் தம்பியின் கை உண்டு. ஊர் ஊராகப் போனபோது கூடவே போய், வேலையையும் வரவு செலவையும் பார்த்து, நாட்குறிப்பும் எழுதி வைத்தார். இரண்டு பேரும் எங்கெங்கே போனார்கள், யாரைப் பார்த்தார்கள் என்று இன்றைக்குத் தெரிகிறது என்றால் அதில் பெரிய பங்கு அந்த நாட்குறிப்புக்குத்தான். 1905 தொடக்கத்தில் தம்பி இறந்துபோனார். 1906 அக்டோபர் 2-ல் அண்ணனும் போய்விட்டார்.

கிளிமானூர் வளாகத்தில் சித்திரசாலை என்று படம் வரைகிற கட்டிடம் ஒன்று இருக்கிறது. அங்கேதான் நான் அதிக நேரம் நின்றேன். பரோடா மகாராஜா சாயாஜி ராவ் 1888-ல் புராணக் காட்சிகளாக 14 படங்கள் வேண்டும் என்று கேட்டார் அல்லவா, அந்த வேலை கிளிமானூரில் வைத்துத்தான் நடந்தது. வடக்கே பரோடாவுக்குப் போன படத்துணிமேல் மகாபாரதமும் ராமாயணமும் எப்படி உருவாகியிருக்கும் என்று யோசித்துப் பார். வெளியே மழை, உள்ளே எண்ணெய் வர்ண வாசனை, அண்ணன் முகத்தை முடிக்கிறார், தம்பி வானத்தை முடிக்கிறார். ஜன்னல் வழியாக வெளிச்சம் தரையில் சாய்வாக விழுந்து கிடந்தது. சுவரில் இப்போது பெரும்பாலும் அச்சுப் படங்கள்தான், மூலப்படம் பார்க்க இங்கே வரக்கூடாது. ஆனால் அந்தத் தரையைப் பார்க்க வரலாம். வரைந்து சம்பாதித்த பணத்தில் ரவிவர்மா இங்கே புத்தன்மாளிகை உள்ளிட்ட கட்டிடங்களைக் கட்டினார் என்று சொல்கிறார்கள். பம்பாய், பரோடா, மைசூர் என்று சுற்றியவர் சம்பாத்தியத்தைக் கொண்டுவந்து போட்டது அம்மா வீட்டில்.

தங்கை மங்களாபாய்க்கு அந்தச் சுற்றல் வாய்க்கவில்லை. அந்தக் காலத்துத் தம்புராட்டி, பம்பாய்க்கும் மைசூருக்கும் படம் வரையப் போக முடியுமா? ஆனால் வரைந்தார். அவர் தீட்டிய அண்ணனின் உருவப்படம் இன்றும் இருக்கிறது. வயசான ரவிவர்மாவை நாம் எல்லோரும் கண் முன்னால் கொண்டுவருகிறோமே, அந்த முகத்தைக் கூடப் பிறந்தவள் ஒருத்தி உட்கார்ந்து பார்த்துப் பார்த்து வரைந்திருக்கிறாள். அவர் தனக்கென்று எவ்வளவு நேரம் ஒதுக்கிக்கொண்டார், குடும்ப வேலைக்கு நடுவே தூரிகையை எப்போது எடுத்தார் என்று எனக்குத் தெரிந்துகொள்ள ஆசையாக இருந்தது. உன் நினைப்பு வந்தது. உன் வர்ணப் பெட்டி இங்கே பீரோ மேல் இருக்கிறது, டியூப்கள் எல்லாம் இறுகிப் போயிருக்கும். புதுசு வாங்கி அனுப்பவா? பேரன் தூங்கின பிறகு அரைமணி நேரம் கிடைத்தாலும் போதும். யாருக்கும் காட்ட வேண்டாம். இதைச் சொல்லத்தான் முக்கியமாக எழுதினேன்.

இன்னொன்றும் உன்னிடம் சொல்ல வேண்டும். திருவனந்தபுரம் அரண்மனையில் சேர்ந்த பிறகு ரவிவர்மாவுக்கு எண்ணெய் வர்ணம் சொல்லிக்கொடுக்க ஆள் கிடைக்கவில்லை. ஆஸ்தான ஓவியர் ராமசாமி நாயக்கர் ரகசியத்தைத் தர மறுத்துவிட்டார். அவருடைய சீடர் ஆறுமுகம் பிள்ளை என்பவர்தான் குருவுக்குத் தெரியாமல் ராத்திரியில் வந்து சொல்லிக்கொடுத்தாராம். 1868-ல் தியடோர் ஜென்சன் என்ற வெள்ளைக்கார ஓவியர் வந்தபோதும், பக்கத்தில் நின்று பார்க்க மட்டும்தான் அனுமதி. நின்று பார்த்தே பிடித்துக்கொண்டார். 1873-ல் சென்னைக் கண்காட்சியில் தங்கப் பதக்கம் வாங்கின அந்தக் கைக்குப் பின்னால், பேர் தவிர வேறொன்றும் நமக்குத் தெரியாத ஆறுமுகம் பிள்ளை இருக்கிறார். எனக்கு அவர்மேல் ரொம்ப மரியாதை. தன் பிழைப்பு போய்விடும் என்று பயப்படாமல் ராத்திரி நடந்து வந்தவர்.

மத்தியானம் திரும்பும் வழியில் திருவனந்தபுரம் மியூசியம் வளாகத்துக்குப் போனோம். கிளிமானூர் போகிறவர்கள் இதையும் சேர்த்துப் பார்க்காமல் திரும்பக் கூடாது. வீட்டில் இல்லாத மூலப்படங்கள் இங்கேதான். ரவிவர்மாவின் சகுந்தலை படத்துக்கு முன்னால் என்னை விட்டுவிட்டு அப்பா பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார். தோழியின் தோளில் ஒரு கை, தூக்கிய பாதத்தில் ஒரு கை, முகம் மட்டும் பின்னால் திரும்பியிருக்கிறது. முள் எடுக்கிற மாதிரி நிற்கிறாள், ஆனால் காலில் முள்ளே இல்லை. துஷ்யந்தனை இன்னொரு தடவை பார்க்க ஒரு சாக்கு. புத்தகத்தில் எத்தனையோ தடவை பார்த்த படம்தான், ஆனால் அச்சில் அந்தத் தோலின் நிறம் செத்துப்போய்விடுகிறது. கிட்டே போய்ப் பார்த்தால் கழுத்துப் பக்கம் நிழல் விழுகிற இடத்தில் பச்சை கலந்த ஒரு பழுப்பு இருக்கிறது. அதுதான் உயிர் கொடுக்கிறது. அடுத்து தமயந்தி, சிவப்புச் சேலையில், அன்னம் சொல்கிற சேதியைக் கேட்டுக்கொண்டு. சேலை மடிப்பைப் பார்த்துவிட்டு நீ என்ன சொல்லுவாய் என்று யோசித்தேன்.

ஆச்சி பூஜை அறையில் கண்ணாடி போட்ட லட்சுமி படம் ஒன்று மாட்டியிருந்தாளே, தாமரை மேல் நிற்கிற லட்சுமி, பக்கத்தில் மாலை ஏந்திய யானை? அது எங்கிருந்து வந்தது தெரியுமா? உன் புனே பக்கத்திலிருந்து! 1894-ல் ரவிவர்மா பம்பாயில் அச்சகம் ஆரம்பித்தார். ராஜாக்கள் வீட்டுச் சுவரில் மட்டும் இருந்த படம் எல்லார் வீட்டுக்கும் போகட்டும் என்று. முதலில் அச்சானது சகுந்தலையின் பிறப்பு. கோயிலுக்குள் போய்ச் சாமி பார்க்க விடாத ஜனங்கள் வீட்டிலும் சாமி வந்து உட்கார்ந்தது அந்தக் காகிதத்தில்தான். அதற்காகவே அவரைக் கையெடுத்துக் கும்பிடலாம். வரைகிறவர்களில் சிலர் அந்தப் படங்களை மலிவான சரக்கு என்று பேசுவார்கள், நான் ஒத்துக்கொள்ளமாட்டேன். பிறகு அச்சகத்தை லோனாவ்லா பக்கம் மளவ்லிக்கு மாற்றினார்கள். நஷ்டத்தில் ஓடியதால் அங்கே வேலை பார்த்த ஃபிரிட்ஸ் ஷ்லைஷர் என்ற ஜெர்மன்காரருக்கு விற்றுவிட்டார். 1972-ல் தீப்பிடித்துத் தொழிற்சாலை எரிந்துபோனது.

நீங்கள் புனேயிலிருந்து லோனாவ்லா போகிற லோக்கலில் மளவ்லி ஒரு ஸ்டேஷன். கார்லா குகைக்கு அங்கேதான் இறங்குகிறார்கள். அடுத்த தடவை மாப்பிள்ளையோடு போகும்போது ஒரு ஞாயிற்றுக்கிழமை இறங்கி, பழைய அச்சகம் இருந்த இடத்தை அங்கே உள்ளவர்களிடம் விசாரித்துப் பார். ஏதாவது மிச்சம் இருந்தால் போட்டோ எடுத்து அனுப்பு, அப்பா கேட்டுக்கொண்டே இருக்கிறார்.

லீவுக்கு நீங்கள் வரும்போது கிளிமானூருக்கு எல்லோரும் சேர்ந்து போவோம். திங்கட்கிழமை மட்டும் வேண்டாம், மியூசியம் லீவு. பேரனுக்குக் குளம் பிடிக்கும், பாசிப் படியில் இறங்கவிடாமல் பார்த்துக்கொள்ள ஒரு ஆள் வேண்டும், அதை அப்பா பார்த்துக்கொள்வார். எனக்கு உன்னோடு அந்தச் சித்திரசாலையில் நிற்க வேண்டும். பென்சில், நோட்டு கொண்டுவா. டிக்கெட் போடுவதற்கு முன்னால் தேதியைச் சொல்லு, இங்கிருந்து கிளிமானூர்க் குடும்பத்தாரிடம் கேட்டு வைக்கிறேன்.

அன்புடன்,
அம்மா